வெறுத்த இடத்துக்கே கேமராவோட போனவர்: டோகிவா டொயோகோ

ஜப்பானிய போட்டோகிராஃபர்னு சொன்னா போட்டோகிராஃபி பிடிச்சவங்க உடனே ரெண்டு மூணு பேர் சொல்லுவாங்க. மொரியாமா டைடோ, அராகி நொபுயோஷி, தோமத்சு ஷோமெய். இன்னும் கொஞ்சம் உள்ள போனவங்க ஹொசொயே எய்கோ, கவாடா கிகுஜி வரைக்கும் வருவாங்க. கவனிச்சுப் பாருங்க, எல்லாருமே ஆண்கள்.

இவங்கள்ல சிலரோட ஒரே சுவர்ல தன் படங்களை மாட்டிய ஒரு பெண் இருந்தார். பெயர் டோகிவா டொயோகோ. (ஜப்பானில் குடும்பப் பெயர் முதலில் வரும். டோகிவா குடும்பப் பெயர், டொயோகோ அவரோட பெயர்.) 1957-ல், 29 வயசுல, 'கிகென் நா அதபனா'ன்னு ஒரு புத்தகம் போட்டார். யோகோஹாமா துறைமுகத்தை ஒட்டி அமெரிக்க ராணுவ வீரர்களை நம்பிப் பிழைத்த பெண்களைப் பற்றிய புத்தகம் அது. இன்னைக்கு அந்தப் புத்தகம் கையில் கிடைக்கிறதே அபூர்வம். அவர் யார், அந்தப் படங்கள் எப்படி வந்தது, அது ஏன் இவ்வளவு நாள் கண்ணுல படாமயே இருந்தது, இதுதான் இந்தக் கட்டுரை.

எரிந்த ஊர்

டொயோகோ 1928 ஜனவரியில் யோகோஹாமாவில் பிறந்தார். அப்பா மதுபான வியாபாரம் செய்தவர். 1945 மே 29 காலையில் 500-க்கும் மேற்பட்ட பி-29 விமானங்கள் யோகோஹாமா மேல தீக்குண்டுகளைப் போட்டன. மரவீடுகள் நிறைந்த ஊர், சில மணி நேரத்துல நகரத்தின் பெரும்பகுதி சாம்பல். டொயோகோ வீட்டுக் கடையும் எரிந்தது, அப்பாவும் இறந்துபோனார். அப்போ அவருக்கு 17 வயசு.

மூணே மாசத்துல போர் முடிஞ்சுது. குண்டு போட்ட அதே நாட்டோட ராணுவம் ஆகஸ்ட் 30 அன்னைக்கு அதே ஊருக்குள்ள வந்துச்சு. ஜெனரல் மெக்கார்தர் அட்சுகி விமானதளத்துல இறங்கி நேரா வந்து தங்கினது யோகோஹாமாவோட ஹோட்டல் நியூ கிராண்ட்ல. அமெரிக்க எட்டாவது ராணுவத்தின் தலைமையகமும் இந்த ஊர்தான். துறைமுகம், நல்ல கட்டடங்கள், ஊர் நடுவுல இருந்த நிலம் எல்லாத்தையும் ராணுவம் எடுத்துக்கிச்சு. 1952-ல் ஆக்கிரமிப்பு அதிகாரபூர்வமா முடிஞ்ச பிறகும் பாதுகாப்பு ஒப்பந்தத்தின் பேரில் தளங்கள் அப்படியே தொடர்ந்தன.

அதாவது, டொயோகோ வளர்ந்த ஊர்ல எந்தத் தெருவுல நடந்தாலும் தன் அப்பாவின் சாவுக்குக் காரணமான ராணுவத்தோட சீருடை கண்ணுல படும். இதை மனசுல வெச்சுக்கோங்க, பின்னாடி தேவைப்படும்.

வெள்ளை அல்லி கேமரா கிளப்

டொயோகோ படிச்சது டோக்கியோ கசெய் கக்குயின்ல. 'கசெய்'ன்னா இல்லற நிர்வாகம், நம்ம ஊர்ல ஹோம் சயின்ஸ்னு சொல்றோமே, கிட்டத்தட்ட அது. 1951-ல் படிப்பு முடிஞ்சதும் அறிவிப்பாளரா வேலைக்குப் போனார். போட்டோகிராஃபி ஆசை சின்ன வயசுலயே வந்தது. அண்ணன் வீட்டுல டார்க்ரூம் வேலை பார்க்கிறதைப் பார்த்து வந்த ஆசை.

அந்தக் காலத்து கேமரா கிளப்கள்ல ஆண்கள் கூட்டம்தான். டொயோகோ சேர்ந்தது 'ஷிராயுரி கேமரா கிளப்', பெண்களுக்கு மட்டுமான கிளப். ஷிராயுரின்னா வெள்ளை அல்லி. பேரைக் கேட்டா பூவும் தோட்டமும் எடுக்கிற இடம் மாதிரி இருக்கும். டொயோகோ எடுக்கப் போனது வேற.

அதுக்குக் காரணம் அப்போ ஜப்பான்ல அடிச்ச ஒரு அலை. 1950 வாக்கில் டோமோன் கென் என்ற பெரிய போட்டோகிராஃபர் 'கேமரா' என்ற பத்திரிகையில் வாசகர்கள் அனுப்பும் படங்களைத் தேர்ந்தெடுத்து விமர்சனம் எழுதிக்கொண்டிருந்தார். அவர் சொன்ன கொள்கைக்கு 'ரியலிசம்'னு பேரு. அழகழகா செட் பண்ணி எடுக்காதே, துளிகூட நடிப்பு இல்லாத ஸ்னாப் மட்டும் எடு, உன் நாட்டுல போருக்குப் பிறகு என்ன நடக்குதோ அதைப் பார். இதுதான் சுருக்கம். நாடு முழுக்க அமெச்சூர் ஆட்கள் கேமராவைத் தூக்கிட்டுத் தெருவுக்கு வந்தாங்க. டொயோகோவும் அந்த அலையில் வந்தவர்தான்.

பிறகு அவர் கல்யாணம் பண்ணிக்கிட்ட ஒகுமுரா தாய்கோவும் ஒரு போட்டோகிராஃபர். தனியா தொழில் இருந்தாலும் கனகாவா மாகாண போட்டோகிராஃபி வட்டாரத்துல முன்னணியில இருந்தவர். போருக்குப் பிறகான யோகோஹாமாவை அவரும் எடுத்திருக்கார். இரண்டு பேரும் சேர்ந்து ஏழைக் குழந்தைகளுக்கான வேலைகளும் செஞ்சாங்க.

கப்பல் துறையில

டொயோகோ முதல்ல படம் எடுக்க ஆரம்பிச்ச இடம் ஓசன்பாஷி, யோகோஹாமாவின் பெரிய கப்பல் துறை. அமெரிக்க வீரர்களும் அவங்க குடும்பங்களும் கப்பல்ல வருவாங்க, போவாங்க. கட்டிப்பிடிச்சு அழுவாங்க, கை காட்டுவாங்க. 1950-ல் கொரியப் போர் ஆரம்பிச்ச பிறகு இந்தத் துறைமுகத்துக்கு ஓய்வே இல்ல.

அந்தக் கூட்டத்துல ஒரு இளம் ஜப்பானியப் பெண் கேமராவோட நிக்கறதை யாரும் கண்டுக்கல. எல்லாரும் அவங்கவங்க சோகத்துல, சந்தோஷத்துல இருந்தாங்க. ரொம்பக் கிட்டப் போய் எடுக்க முடிஞ்சுது. ஸ்ட்ரீட் போட்டோகிராஃபி பண்றவங்களுக்கு இது எவ்வளவு பெரிய வசதின்னு தெரியும்.

இன்னொண்ணையும் யோசிச்சுப் பாருங்க. அப்பாவைப் பறிகொடுத்த பொண்ணு, அதே ராணுவத்து ஆள் ஒருத்தன் தன் குடும்பத்தை விட்டுப் பிரியும்போது அழறதை ஒரு சில அடி தூரத்துல நின்னு ஃபோகஸ் பண்றார். வெறுப்பு இருந்தா கேமராவைத் திருப்பிக்கலாம், திருப்பல. அவர் வேலை முழுக்க இந்த ஒரு பழக்கம் தொடருது. தனக்கு ஒவ்வாத இடத்துக்குத்தான் கேமராவை எடுத்துட்டுப் போறார்.

சிவப்புக் கோட்டுக்குள்ள

அடுத்து அவர் போனது மகனெச்சோ. யோகோஹாமாவின் சிவப்பு விளக்குப் பகுதி.

இங்க கொஞ்சம் வரலாறு சொல்லணும். 1945 ஆகஸ்ட்ல ஜப்பான் சரணடைந்து சில நாள்லயே, வரப்போற ராணுவத்துக்குன்னு பாலியல் விடுதிகளை அமைக்க ஜப்பானிய அரசே ஏற்பாடு பண்ணுச்சு. சாதாரணக் குடும்பப் பெண்களைக் காப்பாத்த இதுதான் வழின்னு காரணம் சொன்னாங்க. பொருளாதாரமே படுத்துக்கிடந்த நேரம் அது. வீடு, குடும்பம், வேலை எல்லாம் இழந்த பெண்கள் இதுக்குள்ள இழுக்கப்பட்டாங்க. பால்வினை நோய் பரவினதால 1946-ல் ராணுவ நிர்வாகம் இந்த ஏற்பாட்டை இழுத்து மூடுச்சு. பழைய லைசென்ஸ் முறையும் அதே வருஷம் ரத்து ஆச்சு.

ஆனா தொழில் நிக்கல. போலீஸ் கண்டும் காணாம விட்ட பகுதிகள் சிலது இருந்துச்சு. மேப்ல அந்தப் பகுதிகளைச் சிவப்புக் கோடு போட்டுக் குறிச்சதால 'அகசென்', அதாவது சிவப்புக் கோடுன்னு பேர் வந்ததா சொல்லுவாங்க. அனுமதியே இல்லாம நடந்த இடங்களுக்கு 'அவோசென்', நீலக் கோடு. மகனெச்சோ சிவப்புக் கோட்டுக்குள்ள வரும்.

டொயோகோவுக்கு இந்தத் தொழில் மேலயே கடும் வெறுப்பு. தன் ஊரை எரிச்சவங்களுக்கே தன் ஊர்ப் பெண்கள் இப்படி ஆகணுமாங்கிற கோபமும் சேர்ந்து இருந்திருக்கும்னு நான் நினைக்கிறேன். இருந்தும் மகனெச்சோவுக்குப் போனார். போய், நேரா அந்தப் பெண்கள்கிட்டயே பேசினார், படம் எடுக்கலாமான்னு கேட்டார். அவரும் ஒரு பெண் என்கிறதால அவங்க உள்ளே விட்டாங்க.

இதுதான் இந்த வேலையோட மையம். டெலி லென்ஸ் போட்டுத் தெருமுனையில நின்னு எடுத்த படங்களா இருந்தா அந்தப் பெண்கள் வெறும் காட்சி ஆகியிருப்பாங்க. காசு கொடுத்து உள்ளே வந்த ஆண் எடுத்த படங்களா இருந்தா வேற மாதிரி ஆகியிருக்கும். டொயோகோ அந்த ரெண்டும் இல்லாத ஒரு இடத்துல நிக்கிறார். வாடிக்கையாளர் இல்ல, போலீஸ் இல்ல, திருத்த வந்த சமூக சேவகியும் இல்ல. பக்கத்துல உக்காந்திருக்கிற இன்னொரு பெண்.

அதனால அவரால எடுக்க முடிஞ்சது வாசல்ல நடக்கிற பேரம் மட்டும் இல்ல. அந்தப் பெண்களுக்குக் கட்டாயமா நடத்தப்பட்ட மருத்துவப் பரிசோதனை நாள்ல, ஆஸ்பத்திரியிலயும் படம் எடுத்திருக்கார். இந்த வரிசைப் படங்கள்ல கவர்ச்சியே கிடையாது. சோதனைக்கு அழைச்சுட்டு வரப்பட்டுத் தங்கள் முறைக்குக் காத்திருக்கிற பெண்கள். நோய் பரவக் கூடாதுன்னு நடத்தின சோதனை யாருடைய ஆரோக்கியத்துக்காகன்னு படத்தைப் பார்க்கிறவங்களுக்குக் கேள்வி தானா வரும்.

டோமோன் சொன்ன 'துளிகூட நடிப்பு இல்லாத ஸ்னாப்' கொள்கைக்கும், டொயோகோ செஞ்சதுக்கும் ஒரு சின்ன முரண் இருக்குன்னு தோணலாம். கேட்டு எடுத்தா அது ஸ்னாப் ஆகுமா? ஆகும். அனுமதி கேட்கிறதும் போஸ் கொடுக்கச் சொல்றதும் வேற வேற. சம்மதம் வாங்கிட்டு, அவங்க கேமராவை மறக்கிற வரைக்கும் கூட இருந்தாப் போதும். நேரம் நிறைய ஆகும், அவ்வளவுதான். இந்தத் தொகுதியின் படங்கள் 1954 முதல் 1956 வரைக்கும் எடுக்கப்பட்டவை.

காய்க்காத பூ

1956 ஏப்ரல்ல டோக்கியோவின் கொனிஷிரோகு கேலரியில் அவரோட முதல் தனி எக்ஸிபிஷன் நடந்துச்சு. (கொனிஷிரோகுதான் பின்னாடி கொனிகா ஆன கம்பெனி.) தலைப்பு 'ஹதராகு ஜோசெய்', வேலை செய்யும் பெண்கள். அதுல மகனெச்சோ பெண்கள் இருந்தாங்க. கூடவே பெண் மல்யுத்த வீரர்கள், மாடல்கள், மூச்சடக்கிக் கடலுக்குள் முக்குளிச்சு சிப்பி எடுக்கிற 'அமா' பெண்கள்.

இந்தத் தலைப்பும் வரிசையும் சும்மா வெச்சது இல்ல. பாலியல் தொழிலாளிகளைத் தனியா ஒரு அறையில மாட்டி 'பாவம்'னு எழுதலாம், 'அவமானம்'னும் எழுதலாம். அவர் ரெண்டும் செய்யாம, உடம்பை வெச்சு உழைச்சுப் பிழைக்கிற மத்த பெண்களோட வரிசையில நிறுத்தினார். எக்ஸிபிஷனுக்கு நல்ல பேர் கிடைச்சுது.

அடுத்த வருஷம் புத்தகம். வெளியிட்டது மிகாசா ஷோபோ. இது ஆர்ட் புத்தகம் போடுற பதிப்பகம் இல்ல. 'கான் வித் த விண்ட்' நாவலோட ஜப்பானிய மொழிபெயர்ப்பை 1938-ல் கொண்டுவந்தவங்க. அதனால 'கிகென் நா அதபனா'வும் பளபளப்பான ஆல்பமா வரல. பொது வாசகர்களுக்கான புத்தகமா வந்துச்சு. டொயோகோ தன் அனுபவங்களைத் தன் குரல்லயே எழுதியிருக்கார், படங்கள் தொகுதி தொகுதியா கூட வருது.

தலைப்பைப் பத்தி ஒரு விஷயம். மங்கா படிக்கிறவங்களுக்கு ஃபுரிகானா தெரிஞ்சிருக்கும்: கான்ஜி எழுத்துக்குப் பக்கத்துல அதை எப்படி வாசிக்கணும்னு சின்ன எழுத்துல போடுறது. இந்தத் தலைப்புல 'கிகென் நா'ன்னா ஆபத்தான. அடுத்து இருக்கிற கான்ஜிக்கு நேர் அர்த்தம் 'விஷப் பூ', வழக்கமா 'டொகுபனா'ன்னு வாசிக்கணும். ஆனா 'அதபனா'ன்னு வாசிக்கச் சொல்லி ஃபுரிகானா போட்டிருக்கு. அதபனான்னா பூத்தும் காய்க்காத பூ, பகட்டா இருந்து பலன் இல்லாம போறது. கண்ணுக்குத் தெரியிற எழுத்து 'விஷம்'னு சொல்லுது, வாய் 'வீணாப்போச்சே'ன்னு சொல்லுது. ஊர் அந்தப் பெண்களைப் பார்த்த விதமும், கூட இருந்து பார்த்தா தெரியிறதும் ஒரே சொல்லுக்குள்ள இருக்கிற மாதிரி எனக்குப் படுது.

வெளிவந்த நேரமும் முக்கியம். பாலியல் தொழில் தடுப்புச் சட்டம் 1956 மே மாசம் நிறைவேறி, 1957 ஏப்ரல்ல அமலுக்கு வந்துச்சு. தண்டனைப் பிரிவுகள் 1958 ஏப்ரல் 1 முதல். அன்னையோட அகசென் முறை முடிஞ்சுது. அதாவது டொயோகோ எடுத்தது இன்னும் கொஞ்ச நாள்ல சட்டப்படி இல்லாம போகப்போற ஒரு உலகத்தை. இன்னும் சில வருஷம் தாமதமா ஆரம்பிச்சிருந்தா அந்த வாசல்கள் மூடியிருக்கும்.

பத்துக் கண்களும் ஆறு பேரும்

1957-லயே ஃபுகுஷிமா தத்சுவோ என்ற விமர்சகர் 'ஜூனின் நோ மெ', பத்துப் பேரின் கண்கள்னு ஒரு எக்ஸிபிஷன் நடத்தினார். பத்து இளம் போட்டோகிராஃபர்கள். தோமத்சு, ஹொசொயே, கவாடா, நரஹாரா இக்கோ, சாத்தோ அகிரா, தன்னோ அகிரா, இஷிமோதோ யசுஹிரோ இவங்களோட டோகிவா டொயோகோவும் ஒருத்தர்.

இதுல முதல்ல சொன்ன ஆறு பேரும் 1959-ல் சேர்ந்து 'விவோ'ன்னு ஒரு குழு ஆரம்பிச்சாங்க. 1961-லயே கலைஞ்சுபோச்சு. ஆனா போருக்குப் பிந்தைய ஜப்பானிய போட்டோகிராஃபி வரலாறு எழுதுறவங்க யாரும் விவோவைத் தாண்டாம போக முடியாது. அந்த ஆறு பேரும் பெரிய ஆட்கள் ஆனாங்க. ஹொசொயேவின் 'பராகெய்', கவாடாவின் 'சிசு' எல்லாம் இன்னைக்கு உலகம் முழுக்க சேகரிப்பாளர்கள் தேடுற புத்தகங்கள். அமெரிக்கத் தளங்களைச் சுற்றிய வாழ்க்கைன்னு சொன்னா தோமத்சு எடுத்த படங்கள்தான் எல்லாருக்கும் ஞாபகம் வரும். ஆனா அதே விஷயத்தை டொயோகோ 1950-களின் நடுவுலயே எடுத்து, புத்தகமாவும் போட்டாச்சு.

அப்புறம் ஏன் இப்படி? திறமைக் குறைவுன்னு சொல்ல முடியாது, அதே சுவர்ல இருந்தவர். எனக்குத் தெரியிற காரணங்கள் மூணு.

ஒண்ணு, போட்டோகிராஃபி வரலாறு பெரும்பாலும் போட்டோ புத்தகங்கள் வழியாத்தான் எழுதப்படுது. எக்ஸிபிஷன் கழட்டினா முடிஞ்சுது, புத்தகம்தான் நிக்கும். டொயோகோவோட புத்தகம் எழுத்தும் படமும் கலந்த பொது வாசிப்புப் புத்தகம். கலைப் பொருளா பாதுகாத்து வெச்சுக்கணும்னு யாருக்கும் தோணாத வகை.

ரெண்டு, 1957-க்கு அடுத்து இந்தக் காலத்துப் படங்களைத் தனித் தொகுப்பா மறுபடி பார்க்க 2001 வரைக்கும் காத்திருக்கணும். 'எனக்குள் இருக்கும் யோகோஹாமா புராணம்'னு அர்த்தம் வர்ற தலைப்புல அது வந்துச்சு. நடுவுல 44 வருஷம். பழைய புத்தகமும் கிடைக்காது, புதுசும் இல்ல. ஒரு தலைமுறை ஆராய்ச்சியாளர்கள் அவரைப் பார்க்காமயே எழுதி முடிச்சுட்டாங்க.

மூணு, அவர் டோக்கியோவில் போய்ப் பெரிய ஆள் ஆகப் பார்க்கல. யோகோஹாமாவிலேயே இருந்தார். பெண் போட்டோகிராஃபர்களுக்கான சங்கம் அமைக்கிற வேலையில இறங்கினார். 1960-களின் முதல் பாதியில டிவிக்கு வேலை செஞ்சார். பிறகு சோவியத் யூனியன், தைவான், மலேசியான்னு போய் எடுத்தார். 1980-களின் நடுவுலிருந்து முதியவர்களின் வாழ்க்கையை எடுக்க ஆரம்பிச்சார். கனகாவாவின் அமெச்சூர் ஆட்களுக்குச் சொல்லிக்கொடுத்தார். எல்லாம் உருப்படியான வேலை. ஆனா இதுல எதுவும் பேர் வாங்கித் தர்ற வேலை இல்ல.

இப்போ

2018-ல் யோகோஹாமா நகர வளர்ச்சி வரலாற்று அருங்காட்சியகத்துல ஒகுமுரா, டொயோகோ இருவரின் படங்களையும் சேர்த்து ஒரு எக்ஸிபிஷன் வெச்சாங்க. கணவர் 1995-லயே இறந்துட்டார். டொயோகோ 2019 டிசம்பர்ல, 91 வயசுல காலமானார். 2024-ல் அப்பர்ச்சர் பதிப்பகம் 1950-களிலிருந்து இன்றுவரையான ஜப்பானியப் பெண் போட்டோகிராஃபர்களைப் பற்றி 'ஐ'ம் சோ ஹாப்பி யூ ஆர் ஹியர்'னு ஒரு பெரிய புத்தகம் கொண்டுவந்துச்சு. அதுல டொயோகோவும் இருக்கார். 1957 புத்தகத்தைத் தேடி அலைய முடியாதவங்களுக்கு, ஆங்கிலத்துல அவரைப் பார்க்க இது நல்ல வழி. லைப்ரரியில ரெக்வெஸ்ட் போட்டு வெச்சா நமக்கும் நல்லது, அடுத்து வர்ற பேட்சுக்கும் நல்லது.

அந்தப் படங்களைப் பார்க்கும்போது ஒண்ணு கவனிங்க. படத்துல இருக்கிற பெண்கள் யாருடைய பேரும் நமக்குத் தெரியாது. அவங்களைப் பத்தி அரசாங்கம் வெச்சிருந்த பதிவு மருத்துவச் சோதனை ரெக்கார்டும் போலீஸ் மேப்பும்தான். அந்த மேப்போட சிவப்புக் கோடு 1958-ல் அழிஞ்சுபோச்சு. அந்தக் கோட்டுக்குள்ள பெண்கள் காலையில எப்படி இருந்தாங்க, எதுக்குக் காத்திருந்தாங்கன்னு இன்னைக்கு நம்மால பார்க்க முடியுதுன்னா, அந்த இடத்தையே வெறுத்த ஒருத்தர் கேமராவோட போய், 'எடுக்கலாமா'ன்னு கேட்டதாலதான்.